வெள்ளை யானை ஏறிய மலை

வட தாய்லாந்தின் சியாங் மாய் நகருக்கு விடுமுறையில் செல்லும் நம்மவர்கள் பலர், ஒரு நாளைக்குத் தனி வேன் ஒன்றை அமர்த்திக்கொள்வது வழக்கம். காலை எட்டு மணிக்கு ஓட்டுநர் தங்கும் விடுதியின் வாசலுக்கே வந்துவிடுவார். வடக்கே ஏறக்குறைய 60 கிலோமீட்டர் சென்றால் மே தெங் பள்ளத்தாக்கு. அங்கே யானைகளுக்கு வாழைப்பழமும் கரும்பும் ஊட்டி, ஆற்றில் அவை குளிப்பதைப் பார்த்து, மதிய உணவையும் முடித்துக்கொண்டு திரும்பலாம். பிறகு வண்டி நகரைக் கடந்து மேற்கே டோய் சுதெப் மலை மீது ஏறும். அங்குள்ள தங்க ஸ்தூபியை மூன்று முறை சுற்றி வந்து, கீழே விரிந்து கிடக்கும் நகரைப் படம் பிடித்துக்கொண்டு, இருட்டும் நேரத்தில் விடுதிக்கு வந்து சேரலாம்.

காலையில் விலங்கு, மாலையில் கோயில். பிள்ளைகளுக்கு ஒன்று, தாத்தா பாட்டிக்கு ஒன்று என்று பயண முகவர்கள் கணக்குப் போட்டுச் செய்த ஏற்பாடு போலத் தெரியும். இரண்டுக்கும் என்ன தொடர்பு என்று வேனில் இருப்பவர்கள் யாரும் கேட்பதில்லை. கேட்டால் ஓட்டுநர் ஒரு கதை சொல்லுவார். சியாங் மாயில் பிறந்த பிள்ளைகள் எல்லாருக்கும் தெரிந்த கதை அது.

பதினான்காம் நூற்றாண்டில் அந்த வட்டாரம் லன்னா என்ற தனி நாடாக இருந்தது. அதன் மன்னர் குவே நா, தெற்கே இருந்த சுகோதாய் நாட்டிலிருந்து சுமணர் என்ற பிக்குவை வரவழைத்தார். பிக்கு தம்முடன் புத்தரின் திருவுடல் எச்சம் ஒன்றைக் கொண்டு வந்தார். அதை ஒரு கோயிலில் வைக்க முயன்றபோது அது இரண்டாகப் பிரிந்ததாம். ஒரு பகுதி நகரத்துக் கோயிலான வாட் சுவான் டோக்கில் வைக்கப்பட்டது. இன்னொரு பகுதியை எங்கே வைப்பது? மன்னர் அதை ஒரு வெள்ளை யானையின் முதுகில் ஏற்றி, யானை எங்கே போய் நிற்கிறதோ அங்கேயே கோயில் கட்டுவது என்று முடிவு செய்தார். யானை காட்டுக்குள் நுழைந்து மலை ஏறியது. மேலே ஓரிடத்தில் நின்று மூன்று முறை பிளிறியது, மூன்று முறை சுற்றியது, பின்பு மண்டியிட்டு உயிரை விட்டது. அந்த இடத்தில் எழுந்ததுதான் இன்றைய வாட் பிரா தாட் டோய் சுதெப். கோயில் தோன்றிய ஆண்டாக வழக்கமாகச் சொல்லப்படுவது 1383. பெயரில் வரும் 'தாட்' என்பது நாம் 'தாது' என்று சொல்லும் அதே சொல்தான். திருவுடல் எச்சத்தையே அது குறிக்கிறது.

இப்படி யானையிடம் முடிவை விடுவது லன்னாவில் ஒரே ஒரு முறை நடந்ததாகவும் தெரியவில்லை. இன்று பாங்காக் அரண்மனைக் கோயிலில் இருக்கும் மரகத புத்தர் சிலை, 1436இல் சியாங் ராய் நகரிலிருந்து சியாங் மாய்க்குக் கொண்டுவரப்பட வேண்டியிருந்தது. சிலையைச் சுமந்த யானை, சந்திப்பு வந்ததும் லம்பாங் நகரை நோக்கிச் சென்றுவிட்டதாகப் பழைய வரலாற்று ஏடுகள் கூறுகின்றன. மூன்று முறை முயன்றும் யானை திரும்பவில்லை. மன்னர் பணிந்து போனார். சிலை 1468 வரை, அதாவது 32 ஆண்டுகள், லம்பாங்கிலேயே இருந்தது. அரசியல் காரணம் ஏதும் இருந்து, பழியை யானை மீது போட்டிருக்கவும் கூடும். எப்படியானாலும், மன்னரின் விருப்பத்தை மறுக்கும் உரிமை அந்த நாட்டில் யானைக்கு இருந்ததாக மக்கள் நம்பினார்கள் என்பதே கவனிக்க வேண்டியது.

சியாங் மாய் நகரின் முதல் கோயிலான வாட் சியாங் மானில் இன்னொரு சான்று இருக்கிறது. நகரம் நிறுவப்பட்ட 1296ஆம் ஆண்டை ஒட்டித் தோன்றிய கோயில் அது. அங்குள்ள ஸ்தூபியைச் சுற்றிலும் சுதை யானைகள் வரிசையாக நின்று தாங்குகின்றன. பின்னங்கால்கள் சுவருக்குள் மறைந்திருக்க, தலையும் முன்னங்கால்களும் மட்டும் வெளியே தெரியும். பார்க்க அழகுதான். ஆனாலும் சற்று நேரம் நின்று பார்த்தால், அந்த யானைகள் வெளியே வர முடியாமல் சிக்கிக்கொண்டது போலவும் தோன்றும். அடுத்து வந்த நூற்றாண்டுகளில் உண்மையான யானைகளுக்கு நேர்ந்ததும் ஏறக்குறைய அதுவே.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் வெள்ளைக்கார நிறுவனங்கள் தேக்கு மரத்தைத் தேடி வந்தன. பர்மாவில் காடுகளை வெட்டிப் பழகிய பம்பாய் பர்மா வர்த்தக நிறுவனமும், சிங்கப்பூரில் கிளை வைத்திருந்த போர்னியோ கம்பெனியும் அவற்றுள் முக்கியமானவை. லன்னா இளவரசர்கள் காட்டைக் குத்தகைக்கு விட்டார்கள். சில நேரங்களில் ஒரே காட்டை இரண்டு பேருக்குக் குத்தகைக்கு விட்டு வழக்கிலும் சிக்கினார்கள்.

இந்தத் தேக்குக் காட்டில் நமக்குத் தெரிந்த குடும்பம் ஒன்றும் வருகிறது. சயாம் அரண்மனையில் ஆங்கிலம் கற்பித்து, பிற்காலத்தில் திரைப்படங்களாலும் மேடை நாடகத்தாலும் உலகப் புகழ் பெற்ற அன்னா லியோனோவென்ஸ், 1862இல் பாங்காக் செல்வதற்கு முன் சிங்கப்பூரில் பள்ளி நடத்தியவர். அவருடைய மகன் லூயிஸ் வளர்ந்து ஆளாகிச் சியாங் மாய் வட்டாரத்தில் தேக்கு வணிகரானார். தம் பெயரிலேயே ஒரு நிறுவனத்தையும் தொடங்கினார்.

தேக்கு வேலை எப்படி நடந்தது என்பதைத் தெரிந்துகொண்டால்தான் யானையின் பங்கு புரியும். பச்சைத் தேக்கு தண்ணீரில் மிதக்காது. ஆகவே அடிமரத்தில் பட்டையைச் சுற்றிலும் வெட்டிவிட்டு, மரத்தை நின்ற நிலையிலேயே இரண்டு ஆண்டு காய விடுவார்கள். பிறகு வெட்டிச் சாய்ப்பார்கள். வண்டிகள் போக முடியாத அந்த மலைச்சரிவுகளில், மரத்துண்டை ஓடைக்கரை வரை இழுத்து வந்து போட யானையை விட்டால் வேறு வழி இல்லை. மழை பெய்து ஓடை பெருகும்போது மரங்கள் பிங் ஆற்றுக்கு மிதந்து போகும். வழியில் ஒன்றோடொன்று சிக்கி அடைத்துக்கொண்டால், வெள்ளத்துக்குள் இறங்கி முட்டித் தள்ளி விடுவிப்பதும் யானையின் வேலையே. அது உயிரைப் பணயம் வைக்கும் வேலை. வெட்டிய மரம் பாங்காக் போய்ச் சேரச் சில ஆண்டுகள்கூட ஆகும். கடும் கோடை மாதங்களில் மட்டும் யானைகளுக்கு ஓய்வு கிடைத்தது. பாகர்களில் பலர் கரென் மலைவாழ் மக்கள். மரம் வெட்டியவர்களில் லாவோஸ் பக்கமிருந்து வந்த கமூ மக்கள் அதிகம்.

இந்த வணிகத்தில் பணம் சேர்த்த பர்மிய, ஷான் வணிகர்கள் ஒரு விஷயத்துக்குப் பயந்தார்கள். பெரிய மரங்களில் ஆவிகள் குடியிருக்கின்றன, மரத்தை வெட்டினால் அவை வெட்டியவனைத் தொடரும் என்பது அவர்களின் நம்பிக்கை. அதற்குப் பரிகாரமாகக் கோயில்கள் கட்டினார்கள். லம்பாங்கில் இன்றும் நிற்கும் பர்மிய பாணிக் கோயில்கள் பல இவ்வாறு தோன்றியவை. மரத்தின் ஆவிக்குப் பரிகாரம் செய்தவர்கள், மரத்தை இழுத்த யானைக்கு என்ன செய்தார்கள்?

டோய் சுதெப் மலைக்குப் போகும் சாலைக்கும் ஒரு வரலாறு உண்டு. அந்த மலைக் கோயிலுக்கு 1934 வரை கால்நடைப் பாதை மட்டுமே இருந்தது. க்ருபா ஸ்ரீவிசாய் என்ற வட்டார பிக்கு முன்னின்று அழைக்க, ஊர் ஊராக மக்கள் மண்வெட்டியோடு வந்து சேர்ந்தார்கள். 1934 நவம்பரில் தொடங்கிய வேலை 1935 ஏப்ரலில் முடிந்தது. அரசாங்கம் பணம் தரவில்லை. ஆறு மாதத்துக்குள் பதினொரு கிலோமீட்டர் மலைச் சாலை, கைவேலையாகவே! தலைநகரத்துச் சங்க அதிகாரிகளின் விதிகளுக்குக் கட்டுப்படாதவர் என்று பலமுறை விசாரிக்கப்பட்டவர் அந்தப் பிக்கு. இன்று மலையடிவாரத்தில் அவர் சிலையைக் கடக்கும்போது வேன் ஓட்டுநர்கள் கைகூப்பத் தவறுவதில்லை.

யானைகளின் வாழ்க்கை ஒரே மாதத்தில் தலைகீழாக மாறியது 1989இல். அதற்கு முந்திய நவம்பரில் தென் தாய்லாந்தின் நக்கோன் சி தம்மராட் மாநிலத்தில் பெருமழை பெய்தது. மரம் வெட்டி மொட்டையாகிவிட்ட மலைச்சரிவுகள் இடிந்து விழுந்தன. வெட்டிப் போட்ட மரங்களே வெள்ளத்தோடு வந்து வீடுகளை நொறுக்கின. நூற்றுக்கணக்கானோர் மாண்டனர். மக்களின் கோபத்தைக் கண்ட அரசாங்கம், 1989 ஜனவரியில் நாடு முழுவதும் காட்டு மரம் வெட்டுவதைத் தடை செய்தது. காட்டுக்கு அது நல்ல செய்தி. அதில் சந்தேகமில்லை. ஆனால் மரம் இழுத்த யானைகள் ஒரே நாளில் வேலை இழந்தன.

வேலை இழந்த மனிதனாவது வேறு ஊருக்குப் போய்ப் பிழைத்துக்கொள்வான். நாளொன்றுக்கு 150 கிலோ தீனி தின்னும் யானையை வைத்துக்கொண்டு ஒரு கரென் குடும்பம் என்ன செய்யும்? சிலர் பாங்காக் தெருக்களில் இரவு நேரத்தில் யானையோடு கையேந்தினார்கள். வேறு சிலர் பர்மிய எல்லையில் தொடர்ந்து நடந்த மரவேலைக்கு யானையை அனுப்பினார்கள். அந்த எல்லைக் காடுகள் கண்ணிவெடிகள் நிறைந்தவை. மொத்தாலா என்ற பெண் யானை 1999இல் அங்கே கண்ணிவெடியை மிதித்து ஒரு முன்னங்கால் பாதத்தை இழந்தது. லம்பாங்கில் உள்ள யானை மருத்துவமனை அதைக் காப்பாற்றியது. பத்து ஆண்டுகள் கழித்து, 2009இல், அதற்குச் செயற்கைக் கால் பொருத்தப்பட்டது. உலகச் செய்திகளில் அந்தப் படம் வந்தது.

சட்டமும் யானைக்கு உதவியாக இல்லை. காட்டு யானையைத் தாய்லாந்துச் சட்டம் கடுமையாகப் பாதுகாக்கிறது. வளர்ப்பு யானையையோ 1939ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று மாடு, எருமை, குதிரை ஆகியவற்றோடு சேர்த்து, சுமைக்கு உரிய விலங்காக வகைப்படுத்தியது. ஒரு காலத்தில் சயாமின் கொடியிலேயே இருந்த விலங்கு அது.

இந்த நிலையில்தான் சுற்றுலா வந்தது. முதுகில் இருக்கை கட்டிச் சவாரி, பந்து விளையாட்டு, தும்பிக்கையால் ஓவியம் என்று முகாம்கள் பெருகின. அந்த வித்தைகளுக்குப் பின்னால், கன்று யானையைத் தாயிடமிருந்து பிரித்து மரக்கூண்டில் அடைத்து, வலியால் பணிய வைக்கும் பழைய முறை இருந்தது. இதை வெளியுலகுக்கு எடுத்துச் சொன்னவர்களில் ஒருவர் சங்தூயன் சைலெர்ட். 'லெக்' என்று அழைக்கப்படும் இவர், மேலே சொன்ன கமூ மக்களைச் சேர்ந்தவர். 1990களில் இவர் தொடங்கிய காப்பகம் இன்று மே தெங் பள்ளத்தாக்கில் இருக்கிறது. சவாரி இல்லை, வித்தை இல்லை, பார்க்க மட்டுமே வரலாம் என்ற வழியைப் பிறகு பல முகாம்களும் பின்பற்றின. எல்லாமே உண்மையாகப் பின்பற்றின என்று சொல்வதற்கில்லை. பெயர்ப்பலகையில் 'காப்பகம்' என்று எழுத அதிகச் செலவு ஆகாது. ஒரு நாளில் எத்தனை குழுக்கள் வந்து ஒரே யானையைக் குளிப்பாட்டுகின்றன, யானைக்கு நிழலும் ஒதுங்கி நிற்க இடமும் உண்டா, பாகன் கையில் அங்குசம் எவ்வளவு நேரம் இருக்கிறது என்று பார்த்தால் ஓரளவு தெரிந்துவிடும்.

வருகையாளர் பணம் நின்றால் என்ன ஆகும் என்பதை 2020இல் எல்லாரும் பார்த்தார்கள். கொரோனாவால் முகாம்கள் மூடப்பட்டபோது, நூறு யானைகள் வரை மே சேம் மலைப்பகுதியில் இருந்த தங்கள் கரென் கிராமங்களுக்குத் திரும்பின. சில யானைகள் 150 கிலோமீட்டர் நடந்தே போய்ச் சேர்ந்தன. அடுத்து 2024 அக்டோபரில் மே தெங் ஆறு பெருக்கெடுத்துப் பள்ளத்தாக்கை மூழ்கடித்தது. லெக்கின் காப்பகத்திலிருந்து நூற்றுக்கு மேற்பட்ட யானைகளை மேட்டுக்கு நகர்த்தினார்கள். இரண்டு யானைகள் வெள்ளத்தில் இறந்தன. அவற்றுள் ஒன்று பார்வை இழந்தது.

பிற்பகல் மூன்று மணி வாக்கில் வேன் டோய் சுதெப் மலையின் வளைவுகளில் ஏறுகிறது. ஆயிரம் மீட்டருக்கு மேல் உயரத்தில் காற்று குளிர்ந்துவிடும். இருபுறமும் நாகங்கள் நெளிந்து இறங்கும் முந்நூறு சொச்சம் படிகளைக் கடந்தால் கோயில் முற்றம். தங்கத் தகடு போர்த்திய ஸ்தூபியைப் பார்க்கும் அவசரத்தில், அங்கே நிற்கும் வெள்ளை யானைச் சிலையைப் பலர் கவனிக்காமல் போய்விடுவார்கள். அதன் முதுகில் சிறிய திருவுடல் பேழை ஒன்று வைக்கப்பட்டிருக்கிறது.

இரவு உணவுக்குப் பெரும்பாலான ஓட்டுநர்கள் பரிந்துரைப்பது நகரின் வடக்கு வாசல். மாலையானதும் அங்கே தள்ளுவண்டிக் கடைகள் வரிசையாக வந்துவிடும். வாசலுக்குச் சற்று வடக்கே, சாலையோரத்தில், இரண்டு வெள்ளை யானைச் சிலைகள் தனித்தனி மாடங்களில் நிற்கின்றன. பர்மியர்களிடமிருந்து மீண்ட நகரை மறுபடி குடியேற்றிய மன்னர் காவிலா, 1800ஆம் ஆண்டை ஒட்டி அவற்றை அமைத்தார். வாசலின் பெயர் சாங் புவாக். தாய் மொழியில் வெள்ளை யானை என்று பொருள்.