வரப்பும் குழியும்

பள்ளிக்கூடத்துக் கணக்குகளில் பிள்ளைகளின் முணுமுணுப்பை அதிகம் சம்பாதித்துக்கொள்வது செவ்வகக் கணக்குதான் என்று நினைக்கிறேன். "ஒரு நிலத்தின் சுற்றளவு 80 கோல். நீளம் அகலத்தைப் போல் மூன்று மடங்கு. நீளம் என்ன, அகலம் என்ன?" நிலத்துக்காரனுக்குத் தெரியாதா, நாம் ஏன் மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டும் என்று பிள்ளைகள் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் சரித்திரத்தைப் புரட்டினால், இந்தக் கணக்குத் தெரியாமல் ஏமாந்தவர்கள் பலர்.

கி.பி. 5-ஆம் நூற்றாண்டில் ஏதென்ஸ் நகரில் இருந்த புரோக்ளஸ் என்ற தத்துவஞானி ஒரு வேடிக்கையை எழுதி வைத்திருக்கிறார். சில கெட்டிக்காரர்கள் நிலம் பங்கிடும்போது, சுற்றளவு கூடிய துண்டைக் கூட்டாளிக்குத் தாராளமாகக் கொடுத்துவிட்டு, சுற்றளவு குறைந்து பரப்பு மிகுந்த துண்டைத் தாங்கள் எடுத்துக்கொண்டார்களாம். விளைச்சலும் அதிகம் கிடைத்தது. நேர்மையானவர்கள் என்ற நல்ல பெயரும் கிடைத்தது!

இதை நம் பக்கத்துக்குக் கொண்டுவருவோம். எப்போதும்வென்றான் கரிசலில் அண்ணனும் தம்பியும் பாகம் பிரிக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். அண்ணனுக்கு 20 கோல் சதுரம். வரப்பைச் சுற்றி வந்தால் 80 கோல். தம்பிக்கு 35 கோல் நீளம், 8 கோல் அகலம். சுற்றி வந்தால் 86 கோல்.

"தம்பி, உனக்குத்தான் வரப்பு ஜாஸ்தி" என்கிறார் அண்ணன்.

"சரிண்ணே" என்கிறான் அந்த அப்பாவி. பருத்தி வெடித்து வீட்டுக்கு வந்த பிறகல்லவா சங்கதி தெரியும்! அண்ணனுக்கு 400 குழி. தம்பிக்கு 280 குழிதான். ஊரின் பெயர் அண்ணனுக்குப் பலித்துவிட்டது.

குழி என்பது ஒரு கோல் நீளமும் ஒரு கோல் அகலமும் உள்ள சதுரம். காவேரிக் கரை வாய்பாட்டில் 100 குழி ஒரு மா, 20 மா ஒரு வேலி. மா என்ற சொல்லுக்கே இருபதில் ஒரு பங்கு என்று பொருள். காணி என்றால் எண்பதில் ஒரு பங்கு. கோலும் குழியும் ஊருக்கு ஊர் மாறியதுண்டு. ஆனாலும் கி.பி. 1001-ஐ ஒட்டி இராஜராஜ சோழன் நாட்டை அளக்கச் செய்தபோது, வேலியின் மிகச் சிறு பின்னங்கள்வரை கணக்கு எழுதினார்கள். வரப்பை நம்பி வரி போடவில்லை.

சரி, நீள அகலமே தெரியாவிட்டால்? தெரியாததற்கு ஒரு பெயர் வைத்துவிட வேண்டும். பாஸ்கராசாரியர் 12-ஆம் நூற்றாண்டில் எழுதிய பீஜகணிதத்தில் அதற்கு 'யாவத்தாவத்' என்று பெயர். 'எவ்வளவோ அவ்வளவு' என்று அர்த்தம். தெரியாதவை பல இருந்தால் கறுப்பு, நீலம், மஞ்சள் என்று நிறங்களின் பெயர்களை வைத்தார். அவருக்கும் வெகு காலம் முன்பு, சுமார் 3,800 ஆண்டுகளுக்கு முந்தைய எகிப்தியச் சுருள் ஒன்றில், பரப்பு 12, அகலம் நீளத்தில் முக்கால் என்று ஒரு செவ்வகம் வருகிறது. விடை 4, 3.

நம் கணக்கிலும் அகலத்தை 'அ' என்போம். நீளம் மூன்று 'அ'. சுற்றளவில் பாதி, அதாவது 40 கோல், நீளமும் அகலமும் சேர்ந்தது. ஆகவே நான்கு 'அ' 40, 'அ' 10. நீளம் 30, பரப்பு 300 குழி. அண்ணனுடைய சதுரத்துக்கும் வரப்பு இதே 80 கோல்தான். ஆனால் அதில் ஒரு மா நிலம் கூடுதலாக இருக்கிறது. தம்பி இவ்வளவு போட்டுப் பார்த்திருந்தால், பாகப் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதற்கு முன் பேனாவைக் கீழே வைத்திருப்பான்.