மெத்தனோஜென்

மெத்தனோஜென் என்பது மீத்தேன் வாயுவை உண்டாக்கும் வினையிலிருந்தே உயிர்வாழ்வதற்கான ஆற்றலைப் பெறும் நுண்ணுயிரைக் குறிக்கும் சொல். ஆக்சிஜன் எட்டாத குளத்துச் சேறு, நீர் நின்ற நெல்வயல், மாட்டின் முதல் இரைப்பை, கறையானின் குடல், சாண எரிவாயுக் கலன், கடலடி வெந்நீர் ஊற்று எனப் பல இடங்களில் இவை வாழ்கின்றன. ஹைட்ரஜனையும் கார்பன் டைஆக்சைடையும் இணைப்பது, அசெட்டேட்டைப் பிளப்பது, மெத்தனால் போன்ற மெத்தில் சேர்மங்களைப் பயன்படுத்துவது என்று பெரும்பாலும் மூன்று வழிகளில் இவற்றின் வேலை நடக்கிறது. மூன்றிலும் கடைசிப் படியை முடித்து மீத்தேனை வெளிவிடுவது மெத்தில் துணைநொதி எம் ரிடக்டேஸ் என்னும் ஒரே வகை நொதி. ஆய்வகத்தில் வளர்த்து உறுதிசெய்யப்பட்ட மெத்தனோஜென்கள் அனைத்தும் ஆர்க்கியா என்னும் பெரும்பிரிவைச் சேர்ந்தவை. பாடநூல்கள் 'மீத்தேனை உண்டாக்கும் நுண்ணுயிர்' என்ற அளவில் பொருள் சொல்லி நிறுத்திக்கொள்வதுண்டு. அந்த விளக்கத்துக்குள் மெத்தனோஜென் ஆகாத பல உயிர்களும் நுழைந்துவிடும். இச்சொல் ஒரு பிழைப்பு முறையின் பெயர். அதை ஒரு கால்வழியின் பெயராகவோ, வெளிவரும் வாயுவைப் பார்த்து ஒட்டும் அடையாளமாகவோ கொண்டால் குழப்பமே மிஞ்சும் என்பதை அதன் வரலாறு காட்டுகிறது.

வாயு முதலில் அறியப்பட்டது, உயிர் வெகுகாலம் கழித்தே அறியப்பட்டது. இத்தாலியைச் சேர்ந்த அலெஸாந்த்ரோ வோல்டா 1776 நவம்பரில் மஜ்ஜோரே ஏரியின் கரையோரச் சேற்றைக் கிளறி, மேலெழுந்த குமிழிகளைக் குடுவையில் பிடித்து, அந்த வாயு எரிவதைக் காட்டினார். அவ்வாயு நுண்ணுயிர்களால் உண்டாகிறது என்று 1868இல் பிரெஞ்சு வேதியியலாளர் பேஷாம்ப் கூறினார். 1880களில் ஜெர்மனியின் ஹோப்பே-ஸைலர், அசெட்டேட்டிலிருந்து மீத்தேன் வருவதை அளந்து காட்டினார்.

இருபதாம் நூற்றாண்டின் முதற்பாதியில் இந்த ஆய்வின் தலைமையிடம் நெதர்லாந்தின் டெல்ஃப்ட் நகரம். பெய்ரிங்க்கின் மாணவரான சோங்கென் 1906இல் இரண்டு செய்திகளை வெளியிட்டார். ஹைட்ரஜனும் கார்பன் டைஆக்சைடும் நுண்ணுயிர்களால் மீத்தேனாகின்றன என்பது ஒன்று. மீத்தேனையே உணவாகக் கொண்டு வளரும் பாக்டீரியாவும் உண்டு என்பது மற்றொன்று. ஆக்குவதையும் உண்பதையும் ஒரே ஆய்வாளர் ஒரே காலத்தில் கண்டுவிட்ட இந்த நிகழ்ச்சியில்தான் பிற்காலப் பெயர்ச்சிக்கலின் வித்து இருக்கிறது. அடுத்த அறுபது எழுபது ஆண்டுகள் 'மீத்தேன் பாக்டீரியா' என்ற தொடர் இரு தரப்புக்கும் பொதுவாகவே நின்றது. எது பேசப்படுகிறது என்பதை வாசகர் இடம் நோக்கி உணர வேண்டியிருந்தது. 1936இல் க்ளூய்வரும் வான் நீலும் வகுத்த பாகுபாட்டில் மெத்தனோபாக்டீரியம், மெத்தனோகாக்கஸ், மெத்தனோசார்சினா ஆகிய பேரினங்கள் இடம்பெற்றன. கோல், உருண்டை, பொட்டலம் என வடிவம் மாறினாலும் செய்யும் வேலை ஒன்று என்பது அப்பெயர்களின் முன்பாதியிலேயே பதிவாகிவிட்டது. 1947இல் ஸ்னெல்லன் தம் டெல்ஃப்ட் ஆய்வேட்டில் மெத்தனோசார்சினா பார்க்கெரி, மெத்தனோபாக்டீரியம் ஃபார்மிசிகம் இரண்டையும் தூய வளர்ப்பாகப் பிரித்தெடுத்தார். 1956இல் பார்க்கர் எழுதிய நூல், மீத்தேனை உண்டாக்கும் எல்லாவற்றையும் ஒரே குடும்பத்தில் சேர்த்தது.

அந்தப் பார்க்கரின் பெயரோடு பிரிக்கமுடியாதபடி இணைந்திருக்கும் வளர்ப்பு, 1940இல் மெத்தனோபாக்டீரியம் ஓமெலியான்ஸ்கி என்றும் பின்னர் மெத்தனோபாசில்லஸ் ஓமெலியான்ஸ்கி என்றும் விவரிக்கப்பட்டது. ரஷ்ய நுண்ணுயிரியலாளர் ஓமெல்யான்ஸ்கியின் நினைவாக வைத்த பெயர். எத்தனாலை உண்டு, அதை அசெட்டேட்டாக்கி, கார்பன் டைஆக்சைடை மீத்தேனாக்கியது இந்த வளர்ப்பு. 1940களின் இறுதியில் ஸ்டாட்மனும் பார்க்கரும் கதிரியக்கக் கார்பன் கொண்டு அந்தக் கணக்கைச் சரிபார்த்தனர்; மீத்தேனின் கார்பன் எத்தனாலிலிருந்து வரவில்லை, கார்பன் டைஆக்சைடிலிருந்தே வந்தது. மீத்தேனாக்கத்தில் கார்பன் டைஆக்சைடு ஹைட்ரஜனை ஏற்கும் பொருளாக நிற்கிறது என்று வான் நீல் முன்வைத்திருந்த கருத்துக்கு இது வலுவான சான்றாயிற்று. கால் நூற்றாண்டுக்கும் மேலாக இந்த ஒரு வளர்ப்பே மீத்தேனாக்கத்தின் மாதிரி உயிராக இருந்தது. இல்லினாய் பல்கலைக்கழகத்தில் ரால்ஃப் உல்ஃப் நொதிகளை ஆராயத் தொடங்கியதும் இதே வளர்ப்பைக் கொண்டுதான்.

ஹங்கேட்டின் மாணவரான மார்வின் பிரையன்ட், தம் ஆசிரியர் 1950இல் விவரித்த உருட்டுக்குழாய் முறையில் இந்த வளர்ப்பை மறுபடி பிரித்துப் பார்த்தார். ஆக்சிஜனை அகற்றிய குழாயின் உட்சுவரில் அகர் கூழை மெல்லிய படலமாக உறையச் செய்து, அதில் தனித்தனிக் குடியிருப்புகளை வளர்ப்பது அம்முறை. ஹைட்ரஜன் கொடுத்தால் மீத்தேன் உண்டாக்கும் ஓர் உயிர் கிடைத்தது. ஆனால் அதற்கு எத்தனால் ஆகவில்லை. எத்தனாலை உண்ணும் மற்றோர் உயிரும் கிடைத்தது. அது மீத்தேனை உண்டாக்கவில்லை, ஹைட்ரஜனை வெளிவிட்டது, தன் ஹைட்ரஜனாலேயே முடங்கி அற்பமாக வளர்ந்தது. பிரையன்ட், எய்லீன் வோலின், மேயர் வோலின், உல்ஃப் ஆகிய நால்வரும் 1967இல் வெளியிட்ட கட்டுரை, மெத்தனோபாசில்லஸ் ஓமெலியான்ஸ்கி என்று ஓர் உயிர் இல்லை, இரண்டு உயிர்களின் கூட்டுவாழ்வே அது என்று அறிவித்தது. எத்தனாலை உண்பதற்கு எஸ் உயிரி என்று பெயர், மீத்தேனை உண்டாக்குவதற்கு எம்.ஓ.எச். எத்தனாலை அசெட்டேட்டும் ஹைட்ரஜனுமாக உடைக்கும் வினைக்குத் திட்ட நிலைமையில் மோலுக்கு ஏறத்தாழ 9.6 கிலோஜூல் வெளியிலிருந்து வேண்டும். அதாவது அது தானாக நடக்காது. நான்கு ஹைட்ரஜனைக் கொண்டு ஒரு கார்பன் டைஆக்சைடை மீத்தேனாக்கும் வினையோ 131 கிலோஜூல் அளவுக்கு ஆற்றலைத் தரும். எம்.ஓ.எச். ஹைட்ரஜனை உடனுக்குடன் எடுத்துவிடுவதால் எஸ் உயிரியின் வினையும் நடக்கத்தக்கதாகிறது. பின்னால் 'இனங்களுக்கிடையே ஹைட்ரஜன் கைமாற்றம்' என்று நிலைபெற்ற கருத்து இதிலிருந்து பிறந்தது. எம்.ஓ.எச். 1979இல் பிரையன்டின் பெயரால் மெத்தனோபாக்டீரியம் பிரையன்டி ஆயிற்று. இத்தனைக்கும் காரணமான எஸ் உயிரியின் மூல வளர்ப்பு பின்னாளில் கிடைக்காமல் போனதாகச் சொல்லப்படுகிறது.

சொல்லின் பொருளுக்கு இந்த நிகழ்ச்சி தரும் சான்று நேரானது. 1967 வரை 'மீத்தேனை உண்டாக்குவது' என்ற விவரிப்பில் எத்தனாலை உண்பதும் அடங்கியிருந்தது. குழாயைப் பார்த்தவர் கண்டது எத்தனால் உள்ளே போவதும் மீத்தேன் வெளியே வருவதும் மட்டுமே. யார் எந்த வேலையால் பிழைக்கிறார் என்பது அதில் தெரியவில்லை. கூட்டைப் பிரித்த பிறகுதான், மீத்தேனாக்குபவரின் உணவு மிகச் சில எளிய சேர்மங்கள் மட்டுமே என்பது வெளிப்பட்டது. மெத்தனோஜென் என்ற சொல் 1970களில் வழக்குக்கு வந்தபோது இந்தத் தெளிவு அதற்கு முன்னதாகவே இருந்தது. சொல்லை 1974 வாக்கில் முன்மொழிந்தவர் பிரையன்ட் என்பது பரவலான கருத்து. மீத்தேனை உண்பவற்றிலிருந்து ஆக்குபவற்றை வேறுபடுத்துவதே நோக்கம் என்பர். பால்ச், ஃபாக்ஸ், மாக்ரம், வோஸ், உல்ஃப் ஆகியோர் 1979இல் எழுதிய நீண்ட மதிப்பீட்டுக் கட்டுரையின் தலைப்பிலேயே அச்சொல் இடம்பெற்றது. அன்று அறியப்பட்டிருந்தவற்றை அது 3 வரிசைகள், 4 குடும்பங்கள், 7 பேரினங்கள், 13 இனங்கள் என்று வகுத்தது. அதற்குள் உல்ஃபின் ஆய்வகம் இவ்வுயிர்களுக்கே உரிய துணைநொதிகளை ஒவ்வொன்றாகக் கண்டிருந்தது. துணைநொதி எம்மின் அமைப்பு 1974இல் தெரிந்தது. அறியப்பட்ட துணைநொதிகளிலேயே மிகச் சிறியவற்றுள் ஒன்று அது. எஃப்420 என்பது புறஊதா ஒளியில் நீலப்பச்சையாய் ஒளிர்வது. நுண்ணோக்கியில் மெத்தனோஜெனை அடையாளம் காண இன்றும் அந்த ஒளிர்வு பயன்படுகிறது. எஃப்430 நிக்கல் கொண்டது என்பது 1980இல் நிறுவப்பட்டது.

1977இல் கார்ல் வோஸும் ஜார்ஜ் ஃபாக்ஸும் ரைபோசோம் ஆர்.என்.ஏ. ஒப்பீட்டின் வழியே, மெத்தனோஜென்கள் பாக்டீரியாவோடு சேராத தனித்த பெரும்பிரிவைச் சேர்ந்தவை என்று அறிவித்தனர். அந்த ஒப்பீட்டுக்கு உயிர்களைக் கதிரியக்கப் பாஸ்பரஸில் வளர்த்தாக வேண்டும். பால்சும் உல்ஃபும் 1976இல் உருவாக்கிய, அழுத்தம் தாங்கும் மூடிய குப்பி முறை அதற்குக் கைகொடுத்தது. பாக்டீரியாவின் செல்சுவருக்கு உரிய மியூரின் இவற்றின் சுவரில் இல்லை என்று ஜெர்மனியின் ஓட்டோ காண்ட்லர் கண்டதும் அதே முடிவுக்குத் துணைநின்றது. 1990இல் வோஸ், காண்ட்லர், வீலிஸ் மூவரும் அப்பிரிவுக்கு ஆர்க்கியா என்று பெயரிட்டனர். இப்பிரிவினையை எர்ன்ஸ்ட் மையர் 1998இலும் ஏற்கவில்லை; உட்கரு உடையவை, இல்லாதவை என்னும் இரு பகுப்பே போதும் என்று அவர் வாதிட்டார்.

இதைக் கொண்டு ஒரு மறுப்பு எழுப்பலாம். மெத்தனோஜென்கள் எல்லாம் ஆர்க்கியாவில் ஒன்றாக விழுந்தன என்றால், வேலையைக் கொண்டு 1956இல் அமைத்த குடும்பத்தைக் கால்வழியும் உறுதிசெய்துவிட்டது அல்லவா? அந்தக் காலத்துச் சான்றுகளின் முன் இம்மறுப்பு வலுவானதே. ஆயினும் அந்தப் பொருத்தம் அரைகுறையானது. அதிக உப்பில் வாழும் ஹாலோஆர்க்கியா, மரபு மரத்தில் மெத்தனோஜென் கிளைகளுக்கு இடையே அமர்கின்றன. மீத்தேனாக்கத்தின் சாயலே அவற்றில் இல்லை. ஆர்க்கியோகுளோபஸ் மீத்தேனாக்கத்தின் துணைநொதிகள் பலவற்றை வைத்திருக்கிறது. ஆனால் கடைசி நொதி அதனிடம் இல்லை, சல்பேட்டை ஒடுக்கிப் பிழைக்கிறது. மறுபக்கம், யூரிஆர்க்கியோட்டா என்னும் பழைய வட்டத்துக்கு வெளியேயும் மீத்தேனாக்க மரபணுக்கள் 2015இலும் 2016இலும் கண்டறியப்பட்டன. அவ்வாறான உயிர் உண்மையிலேயே மீத்தேனாக்கிப் பிழைக்கிறது என்பதை 2024இல் வளர்ப்பின் மூலம் காட்டினர். கால்வழியைப் பொருளாகக் கொண்டால் ஹாலோஆர்க்கியாவை உள்ளே விட வேண்டியிருக்கும், 2024இன் புதியவற்றை வெளியே நிறுத்த வேண்டியிருக்கும்.

எதிர்த்திசையிலிருந்து வரும் மறுப்பு இதைவிடக் கடினமானது: கால்வழி வேண்டாம் என்றால், மீத்தேன் வெளியிடும் எதையும் மெத்தனோஜென் என்று அழைத்தால் என்ன? சல்பேட்டை ஒடுக்கும் பாக்டீரியா பைருவேட்டிலிருந்து இம்மியளவு மீத்தேன் விடுவதை 1969இலேயே போஸ்ட்கேட் பதிவு செய்தார். ஆக்சிஜன் நிறைந்த கடல்மேற்பரப்பு நீரில், பாஸ்பரஸ் கிடைக்காத நுண்ணுயிர்கள் மெத்தில்பாஸ்பொனேட்டை உடைக்கும்போது மீத்தேன் உதிர்வது 2008இல் காட்டப்பட்டது. இரும்பு மட்டுமே கொண்ட நைட்ரோஜினேஸ் நொதி, கார்பன் டைஆக்சைடை மீத்தேனாக்குவதை 2018இல் கண்டனர். இவை அனைத்தும் மெய்யான மீத்தேன். வளிமண்டலக் கணக்கில் அவற்றுக்கும் இடம் தர வேண்டும். ஆனால் இவற்றில் எதுவும் மீத்தேனை உண்டாக்குவதால் உயிர்வாழவில்லை. ஒன்று பாஸ்பரஸ் தேடுகிறது, மற்றொன்று நைட்ரஜனை நிலைப்படுத்துகிறது. மீத்தேன் வழியில் சிந்துவது. மெத்தனோஜெனிடம் மீத்தேனாக்கத்தை நிறுத்தினால், பொதுவாக அதன் வளர்ச்சியே நின்றுவிடும். இந்த வேறுபாட்டை அழித்துவிட்டால், மீத்தேனைக் குறைக்க எங்கே கைவைப்பது என்ற கேள்விக்கும் விடை கிடைக்காது.

மீத்தேனை ஆக்சிஜன் இன்றியே எரிக்கும் ஆர்க்கியாவை எங்கே வைப்பது என்பதில் ஒருமித்த கருத்து இல்லை. ஓரெகன் கடலோரத்தின் ஹைட்ரேட் ரிட்ஜில் கிடைத்த, சல்பேட் பாக்டீரியா சூழ்ந்த கொத்துகளைப் பற்றி 2000இல் போயட்டியஸும் குழுவினரும் எழுதினர். கருங்கடல் நுண்ணுயிர்ப் படலங்களில் மெத்தில் துணைநொதி எம் ரிடக்டேஸை ஒத்த நிக்கல் புரதம் ஏராளமாக இருப்பது 2003இல் தெரிந்தது. அதே இயந்திரத்தை எதிர்த்திசையில் ஓட்டுபவை இவை என்பது பெரும்பாலோர் முடிவு. இவற்றில் சில கூட்டங்கள் மீத்தேனை உண்டாக்கவும் வல்லவை என்ற கூற்றும் உண்டு. ஏற்போரும் மறுப்போரும் இருக்கிறார்கள். 2016இல் விவரிக்கப்பட்ட சின்ட்ரோபோஆர்க்கியம் அந்நொதியின் உறவு நொதிகளைக் கொண்டு பியூட்டேனை உடைக்கிறது. ஆகவே மரபணுப் பட்டியலில் இந்த நொதியின் பெயர் கண்ணில் பட்டதும் மெத்தனோஜென் என்று எழுதிவிடுவது அவசர முடிவு. 2015இன் அறிவிப்புகளில் ஒரு பகுதி இக்காரணத்தாலேயே பின்னர் ஐயத்துக்குள்ளானது.

வேளாண்மையிலும் கால்நடை வளர்ப்பிலும் சொல் இன்று வழங்கும் விதம், பிழைப்பு முறை என்ற பொருளையே பின்பற்றுகிறது. ஒரு மாடு நாளொன்றுக்கு ஏப்பமாக விடும் 250 முதல் 500 லிட்டர் மீத்தேனைக் குறைக்க, கடைசி நொதியைத் தடுக்கும் 3-நைட்ரோஆக்ஸிபுரோபனால் தீவனத்தில் சேர்க்கப்படுகிறது. 2022இல் ஐரோப்பிய ஒன்றியம் அதற்கு அனுமதி அளித்தது. தமிழ்நாட்டு நெல்வயலில் பரிந்துரைக்கப்படும் காய்ச்சலும் பாய்ச்சலுமான பாசனம் நீரை மிச்சப்படுத்துவதோடு, வயல் காயும் நாட்களில் மண்ணுக்குள் ஆக்சிஜனை விட்டு மெத்தனோஜென்களின் வேலையையும் தடுக்கிறது. 'மெத்தனோஜெனிக் பாக்டீரியா' என்ற பழைய தொடர் பாடநூல்களிலும் கழிவுநீர்ப் பொறியியல் ஏடுகளிலும் இன்னும் காணப்படுகிறது. 1977க்கு முந்தைய நூல்களை மேற்கோள் காட்டும்போது அது பொருந்தும்; மற்ற இடங்களில் மெத்தனோஜென் என்றோ மெத்தனோஜெனிக் ஆர்க்கியா என்றோ எழுதுவதே சரி.