திரையில் ஏறிய தோட்டம்

மலையாளத் திரைப்படத்தின் பூர்வ சரித்திரத்தைப் புரட்டுவோர், அதன் முதல் ஏட்டிலேயே இலங்கைத் தோட்டமொன்றைக் காண்பார்கள். அகஸ்தீசுவரத்தவரான ஜே. சி. டானியல், தம் சொத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் எடுத்த 'விகதகுமாரன்' என்னும் பேசாப் படத்தில், கடத்திச் செல்லப்பட்ட செல்வர் வீட்டுப் பிள்ளை இலங்கைத் தோட்டத்திலே கூலியாய் உழல்கிறான். அப்படத்தில் நாயர் குலப் பெண்ணாக நடித்த பி. கே. ரோசி, தாழ்த்தப்பட்ட குலத்தவர் என்ற ஒரே காரணத்தால், ஜாதி வெறியரின் கோபத்துக்கு இலக்காகி ஊரைவிட்டே ஓட நேர்ந்தது.

அத்தகைய அநீதியின் நடுவே பிறந்த கலை, 1938இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்த 'பாலன்' வழியாகப் பேசத் தொடங்கி, 1954இல் 'நீலக்குயில்' வாயிலாகத் தீண்டாமைக் கொடுமையை எடுத்துரைத்து, 1965இல் தகழியின் நாவலைத் தழுவிய 'செம்மீன்' வாயிலாகக் கடலோர மக்களின் வாழ்வைச் சித்திரித்து, ஜனாதிபதியின் தங்கப் பதக்கத்தையும் பெற்றது. சொந்த மண்ணையும் சொந்த இலக்கியத்தையும் ஆதாரமாகக் கொண்டதே அந்த வளர்ச்சியின் ரகசியம்.

இலங்கையில் திகன என்னும் ஊரைச் சூழ்ந்த கண்டிச் சீமைத் தோட்டங்களிலும் அத்தகைய செல்வத்துக்குக் குறைவில்லை. மாசி மாதத்தில் காமன் கம்பம் ஊன்றி, தப்புப் பறையின் தோலை நெருப்பில் காய்ச்சி முறுக்கேற்றி, ரதியும் மதனும் வேஷங்கட்டி லயன் குடியிருப்புகள்தோறும் ஆடிவர, ஈசனின் நெற்றிக்கண்ணால் மன்மதன் எரிவதைக் குழந்தைகளும் முதியோரும் விழித்திருந்து காணும் காமன்கூத்து ஒன்றே, ஒரு சமூகத்தின் துக்கத்தையும் பக்தியையும் ஒருங்கே உணர்த்தப் போதுமானது.

இத்தோட்ட வாழ்வைத் திரைக்குக் கொணர்ந்தோரும் இருந்தனர். 1963இல் கிருஷ்ணகுமாரின் 'தோட்டக்காரி' வெளிவந்தது. தொழிற்சங்கத் தலைவரான வி. பி. கணேசன் 1975இல் 'புதிய காற்று', 1978இல் 'நான் உங்கள் தோழன்' ஆகிய படங்களைத் தயாரித்துத் தாமே கதாநாயகனாகவும் நடித்தார். எனினும், தென்னிந்தியப் படங்களின் பெருவெள்ளத்தோடு போட்டியிட வேண்டியிருந்த அம்முயற்சிகள், தமிழருக்கு எதிரான 1983ஆம் ஆண்டின் வன்செயல்களில் திரைத்துறையின் உடைமைகளும் எரியுண்ட பின்னர், தொடர்ச்சியை இழந்தன.

திகனவுக்கு அண்மையில், பழைய தெல்தெனிய நகரமே விக்டோரியா நீர்த்தேக்கத்துள் அமிழ்ந்தது. ஊர்கள் அழியலாம், அவற்றின் வாழ்வைப் பதிவு செய்யும் கலையும் உடன் அழிய வேண்டுமென்ற நியதியில்லை. இன்று சிறு கருவியொன்றால் படம் பிடிக்கவல்ல மலையக இளைஞர்கள், பிறர் கதைகளைப் பிரதி செய்வதை விடுத்து, தம் பாட்டன்மாரின் லயன் வாழ்வையும் கூத்தையும் போராட்டத்தையும் கதைப்பொருளாகக் கொள்வார்களாயின், கேரளம் ஈட்டிய கீர்த்தி இம்மலைநாட்டுக்கும் நிச்சயம் வாய்க்கும்.