இரண்டு 29(2)

சோல்பரி அரசியலமைப்பின் 29(2) ஆம் பிரிவு, ஒரு சமூகத்துக்கு மட்டும் பாதகமோ சலுகையோ தரும் சட்டத்தை இலங்கைப் பாராளுமன்றம் இயற்றக்கூடாது என்று சொன்னது. இந்திய அரசியலமைப்பின் 29(2) ஆம் உறுப்புரை, அரசின் கல்விக்கூடங்களில் மதம், இனம், சாதி, மொழி என்பவற்றை மட்டுமே காரணமாக்கி எவருக்கும் அனுமதி மறுக்கக்கூடாது என்கிறது. இலக்கம் ஒன்றானது தற்செயல்தான். ஆனால் மருத்துவக் கல்விக்கான இடம் யாருக்கு என்ற கேள்வி இரு கரையிலும் எழுந்தபோது இந்த இரு பிரிவுகளுக்கும் நேர்ந்ததை அருகருகே வைத்துப் பார்த்தால், யாழ்ப்பாணத்தில் ஐம்பது வருடங்களுக்கு மேலாக முடிச்சவிழாமல் கிடக்கும் ஒரு சொல் கொஞ்சம் பிடிபடும். தரப்படுத்தல் என்ற சொல்லைத்தான் சொல்கிறேன்.

சென்னையின் வழக்கு வெளிப்படையானது. சென்னை மாநிலத்தின் மருத்துவக் கல்லூரிகளில் இருந்த 330 இடங்களில் ஒரு சிறு பகுதி போக, மற்றவை வகுப்புவாரி அரசாணைப்படி பங்கிடப்பட்டன. 14 இடத்துக்கு ஒரு கணக்கு: பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணருக்கு 2, அரிசனருக்கு 2, ஆங்கிலோ இந்தியருக்கும் இந்தியக் கிறிஸ்தவருக்கும் 1, முஸ்லிம்களுக்கு 1. 1950 இல் சண்பகம் துரைராசன் சென்னை உயர் நீதிமன்றம் போனார். அவர் மருத்துவக் கல்லூரிக்கு விண்ணப்பித்ததாகவே தெரியவில்லை என்று தீர்ப்பு குறிப்பிடுகிறது. விசாரித்தபோது இடம் கிடைக்காது என்று அறிந்தே வழக்குத் தொடுத்திருக்கிறார். 1951 ஏப்ரல் 9 அன்று இந்திய உச்ச நீதிமன்றம் அரசாணை 29(2) ஐ மீறுகிறது என்று தீர்த்தது. பெரியாரும் திராவிட இயக்கமும் கொதித்தெழுந்தனர். அந்த வருடம் யூன் மாதமே முதலாவது திருத்தம் நிறைவேறி 15(4) பிறந்தது. சமூக ரீதியிலும் கல்வி ரீதியிலும் பின்தங்கியோருக்கு அரசு தனி ஏற்பாடு செய்யலாம் என்பது அதன் சாரம்.

தோற்ற தரப்புக்கும் அந்தத் தீர்ப்பு ஒன்றைக் கொடுத்தது: எழுத்தில் ஒரு காரணம். சாதிப் பெயர் மட்டும் போதாது, பின்தங்கிய நிலையைச் சொல்லவேண்டும் என்று நீதிமன்றம் வற்புறுத்தியதாகவே அதன் விளைவை நான் வாசிக்கிறேன். பாராளுமன்றத்தின் பதிலும் அந்த மொழியிலேயே வந்தது.

யாழ்ப்பாணத்துக்கு 1970 இல் வந்தவை இரண்டு எண்கள். மருத்துவ பீடம் புகச் சிங்கள மொழிமூல மாணவருக்கு 400 க்கு 229 புள்ளி, தமிழ் மொழிமூல மாணவருக்கு 250. தமிழில் திருத்தியவர்கள் தாராளமாகப் புள்ளி போட்டார்கள் என்ற குற்றச்சாட்டு அதற்குமுன் பரவியிருந்தது. 19 ஆம் நூற்றாண்டிலேயே சாமுவேல் பிஸ்க் கிறீன் தமிழில் மருத்துவம் கற்பித்து, தமிழில் மருத்துவ நூல்களும் கொண்டுவந்த மானிப்பாய் இருக்கும் மண் இது. அந்த மொழியில் விடை எழுதியதற்கு 21 புள்ளி தண்டம்.

ஏன் நீதிமன்றம் போகவில்லை என்று இளையவர்கள் கேட்பார்கள். எங்கள் 29(2) பாராளுமன்றம் இயற்றும் சட்டத்தைப் பற்றியே பேசியது. வெட்டுப்புள்ளியோ நிர்வாக முடிவு. அதோடு எல்லார் கண்முன்னும் கோடீஸ்வரன் வழக்கு இருந்தது. சிங்களத் தேர்ச்சி இல்லையென்று 1962 இல் சம்பள உயர்வு மறுக்கப்பட்ட அரச ஊழியர் அவர். 1964 இல் மாவட்ட நீதிமன்றத்தில் வென்றார், 1967 இல் மேலே தோற்றார், 1969 டிசம்பரில் பிரிவி கவுன்சில் வழக்கைத் திருப்பி அனுப்பியது. சிங்களம் மட்டும் சட்டம் 29(2) க்கு முரணா என்ற மூலக்கேள்விக்கு இறுதிவரை முடிவான விடை வரவில்லை. உயர்தரம் எழுதிய பிள்ளை ஏழு வருடம் பொறுத்திருக்க ஏலுமா? 1971 இல் பிரிவி கவுன்சிலுக்கான மேன்முறையீடு ஒழிந்தது. 1972 மே 22 அன்று வந்த குடியரசு அரசியலமைப்பில் 29(2) இல்லை. தமிழ் மாணவர் பேரவை அதற்குமுன்பே வீதிக்கு வந்திருந்தது. அதன் பிறகு நடந்தவை எங்கள் வீடுகளுக்குத் தெரியும்.

இங்கேதான் எங்களைப் பார்த்தே நான் ஒன்று சொல்லவேண்டும். 1974 இல் மாவட்டப் பங்கு என்ற இன்னொரு விதி முதல் விதியின் மேல் ஏற்றப்பட்டது. இரண்டையும் நாங்கள் தரப்படுத்தல் என்றே அழைத்தோம், இன்றும் அழைக்கிறோம். இரண்டும் ஒன்றல்ல. 1970 விதி வறுமையைக் கேட்கவில்லை, ஊரைக் கேட்கவில்லை. ஆய்வுகூடமே இல்லாத பள்ளியிலிருந்து தமிழில் எழுதிய முல்லைத்தீவுப் பிள்ளைக்கும் 250. கொழும்பின் பெரிய பள்ளியிலிருந்து சிங்களத்தில் எழுதிய பிள்ளைக்கு 229. மொழியை மட்டும் பார்த்துப் போட்ட கோடு அது. இந்தியாவின் 29(2) முன் நின்றிருக்காது. 15(4) ஆலும் காப்பாற்ற முடியாது.

மாவட்ட விதி வேறு. 1969 இல், நாட்டின் சனத்தொகையில் ஏறத்தாழ 7 வீதமேயான வட மாகாணம் விஞ்ஞானப் படிப்புகளின் இடங்களில் 27.5 வீதம் பெற்றது. அந்த இடங்களில் பெரும்பாலானவை குடாநாட்டுப் பள்ளிகளுடையவை. மன்னாருக்கும் வன்னிக்கும் போனது சொற்பம். மாவட்டப் பங்கினால் யாழ்ப்பாணம் இழந்தது உண்மை. வன்னியிலிருந்து வைத்தியர்கள் வர அது வழி திறந்ததும் உண்மை. 15(4) இன் நியாயத்துக்கு அது கிட்டிய உறவு. சென்னையின் இடஒதுக்கீட்டைச் சமூகநீதி என்று மெச்சிவிட்டு, மாவட்டப் பங்கை மட்டும் இனவாதம் என்று தள்ள எனக்கு மனம் ஒப்பவில்லை.

1977 ஆட்சி மாற்றத்தின் பின் மொழிவாரி விதி கைவிடப்பட்டது, மாவட்டப் பங்கு நின்றது. 1978 இல் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் மருத்துவ பீடமும் தொடங்கியது. அதே வருட அரசியலமைப்பு, அடிப்படை உரிமை மீறலுக்கு நேரே இலங்கையின் உச்ச மன்றான உயர் நீதிமன்றம் போகும் வழியையும் தந்தது. அந்த வழியின் பயன் 2012 இல் தெரிந்தது. பழைய பாடத்திட்டத்திலும் புதிய பாடத்திட்டத்திலும் 2011 உயர்தரம் எழுதியவர்களுக்குப் பல்கலைக்கழக அனுமதிக்கான இசட் புள்ளியை ஒன்றாகக் கணித்தது பிழை, இரு தொகுதியாகத் திரும்பக் கணியுங்கள் என்று யூன் மாதம் உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. எதை எதோடு சேர்க்கக்கூடாது என்று ஒரு மன்று பிரித்துச் சொன்னது. 1970 இன் பிள்ளைகளுக்கு அதைச் சொல்ல ஒரு மன்று இருக்கவில்லை.

இப்போது 40 வீதம் திறமை, 55 வீதம் மாவட்டம், 5 வீதம் பின்தங்கிய மாவட்டங்கள். வெட்டுப்புள்ளிகள் வெளிவரும் நாளில், யாழ்ப்பாணத்து ரியூட்டரி வாசலில் மெடிசினைச் சில புள்ளியில் தவறவிட்ட பிள்ளையின் தகப்பன் முல்லைத்தீவின் வெட்டுப்புள்ளியைப் பார்த்துவிட்டு, "இதுவும் தரப்படுத்தல்தானே" என்பார். அவருடைய வலி எனக்கு விளங்குகிறது. ஆனால் அந்தக் குறைந்த புள்ளியில் உள்ளே போகும் பிள்ளையும் தமிழில்தான் எழுதியிருக்கிறது.