செங்கல்பட்டு சேஷாத்ரியும் தண்டரை நரசிம்மனும்

வடிவியல் என்றதும் நம்மில் பலருக்கும் யூக்ளிட், பிதாகரஸ், காம்பஸ் பெட்டி, அதோடு கதை முடிந்தது. வல்லம், செஞ்சிப் பக்கத்திலிருந்து பஸ் ஏறி வந்து கணிதம் படித்த எங்கள் செட்டில் ஒருவருக்கும், இருபதாம் நூற்றாண்டின் பெரிய வடிவியல் அறிஞர்கள் இருவர் நம்ம பக்கத்து ஆட்கள்தான் என்று தெரியாது. பாடப்புத்தகம் சொல்லவில்லை. ஆகவே இம்மலரில் எழுதுகிறேன்.

சி. எஸ். சேஷாத்ரி 1932 பிப்ரவரி 29-இல் காஞ்சிபுரத்தில் பிறந்து, செங்கல்பட்டில் வளர்ந்தவர். வக்கீல் வீட்டுப் பிள்ளை. திண்டிவனத்தில் ரயில் ஏறினால் வழியில் வருமே, அதே செங்கல்பட்டுதான். எம். எஸ். நரசிம்மன் அதே ஆண்டு ஜூன் 7-இல் தண்டரை கிராமத்தில் பிறந்தார். வட ஆர்க்காட்டுக் குடும்பம். இருவரும் சென்னை லயோலா கல்லூரியில் சேர்ந்தார்கள். அங்கே இருந்தார் பாதர் ரசீன்.

பிரெஞ்சுக்காரர், சேசு சபைத் துறவி. பாரிஸில் மேதை ஏலி கார்டானிடம் ஆராய்ச்சி செய்தவர். 1937-இல் இந்தியா வந்து முதலில் திருச்சியில், பிறகு லயோலாவில் பாடம் சொன்னார். அன்று நம் கல்லூரிகளில் பழைய இங்கிலாந்துப் பாணிக் கணக்குகளைப் போட்டுப் போட்டுப் பழகுவதே படிப்பு. இவரோ ஐரோப்பாவில் அப்போதுதான் உருவாகிக்கொண்டிருந்த கணிதத்தை வகுப்பறைக்குக் கொண்டுவந்தார். பரீட்சைக்கு வராத பாடம்தான்! ஆனால் ஆர்வமுள்ள பையன்களைக் கண்டுபிடித்து, பம்பாயில் வளர்ந்துவந்த டாடா ஆராய்ச்சி நிலையத்துக்குப் போகத் தூண்டினார். 1953-இல் இவ்விருவரும் அங்கே சேர்ந்தார்கள்.

1965-இல் வெளிவந்தது நரசிம்மன்–சேஷாத்ரி தேற்றம். முழுசாக விளக்க இங்கே இடம் போதாது; வாசனை மட்டும் காட்டுகிறேன். மெதுவடையின் மேல்பரப்பை நினைத்துக்கொள்ளுங்கள். ஓட்டை மட்டும் இரண்டு, மூன்று இருக்கட்டும். அதன் ஒவ்வொரு புள்ளியிலும் ஒரு வெக்டர் வெளியை நட்டு வைக்கிறோம். ஓட்டையை ஒரு சுற்றுச் சுற்றி வந்தால் அது திரும்பி நிற்கும். அந்தத் திருப்பங்களை எழுதி வைப்பது ஒரு வழி. சமன்பாடுகளைக் கொண்டு இத்தகைய அமைப்புகளைக் கட்டி, அவற்றில் ‘நிலையானவை’ எவை என்று பொறுக்கி எடுப்பது முற்றிலும் வேறு வழி. இரண்டு வழியிலும் கிடைப்பது ஒன்றேதான் என்று நிரூபித்தார்கள். 1983-இல் இங்கிலாந்தின் டொனால்ட்சன் இதற்குப் புது நிரூபணம் தந்தார். இயற்பியல்காரர்களும் இதைக் கையில் எடுத்தார்கள். 2006-இல் மன்னர் பைசல் பரிசை நரசிம்மனும் டொனால்ட்சனும் பகிர்ந்துகொண்டனர்.

சேஷாத்ரி கர்நாடக சங்கீதமும் நன்றாகப் பாடுவார். 1984-இல் சென்னை திரும்பிய அவர் 1989-இல் தொடங்கிய சிறு கணிதப் பள்ளிதான், இன்று சிறுசேரியில் இருக்கும் சென்னை கணிதவியல் நிறுவனம். அவர் 2020-இலும், நரசிம்மன் 2021-இலும் மறைந்தனர். ஆராய்ச்சியாளர்களே பி.எஸ்சி. பிள்ளைகளுக்கும் பாடம் எடுக்க வேண்டும் என்பது சேஷாத்ரியின் பிடிவாதம். 1998 முதல் அங்கே அப்படித்தான் நடக்கிறது. பிளஸ் டூ முடித்தவர்கள் நுழைவுத் தேர்வு எழுதிச் சேரலாம். வீட்டில் கணக்குப் பிடித்த தம்பி, தங்கை இருந்தால் சொல்லி வையுங்கள்.