செம்பவாங் கப்பல் பட்டறையும் அதைக் கட்டிக் காத்த கைகளும்

ஆங் மோ கியோ நிலையத்தில் பெருவிரைவு ரயிலில் ஏறி வடக்கே போகிறவர்கள் இயோ சூ காங், காதிப், ஈசூன் நிலையங்களைக் கடந்ததும் கேன்பரா என்ற பெயரைக் காண்பார்கள். அடுத்தது செம்பவாங். அதற்கும் அடுத்தது அட்மிரல்டி. ஆஸ்திரேலியாவின் தலைநகர் சிங்கப்பூரின் வடகோடிக்கு எப்படி வந்தது? பிரிட்டிஷ் கடற்படைத் தலைமையகத்தின் பெயர் ஒரு குடியிருப்பு வட்டாரத்துக்கு எப்படி ஒட்டிக்கொண்டது? அந்த வட்டாரத்துச் சாலைகளில் மால்டா, ஜிப்ரால்டர், டர்பன், ஆக்லாந்து, வெலிங்டன் என்ற பெயர்களும் உண்டு. எல்லாமே ஒரு பழைய சாம்ராஜ்யத்தின் ஊர்கள். அந்தச் சாம்ராஜ்யத்தின் மிகப் பெரிய கடற்படைத் தளங்களுள் ஒன்று ஜோகூர் நீரிணையின் ஓரத்தில் இருந்ததற்கான தடயங்கள் அவை.

அந்தத் தளத்தின் வரலாறு பெரும்பாலும் ஒரே விதமாகத்தான் சொல்லப்படுகிறது. பிரிட்டன் கட்டியது, அசைக்க முடியாத கோட்டை என்று மார்தட்டியது, ஜப்பான் வந்ததும் விழுந்தது. தளபதிகளின் பார்வையில் இது சரியான கதைதான். ஆனால் கோட்டை விழுந்த பிறகும் அங்கே பட்டறை நின்றது. அதில் உழைத்த தமிழர், மலையாளிகள், சீனர், மலாய்க்காரர் ஆகியோரின் கணக்கில் இது தோல்விக் கதை அல்ல. தொழில் கற்ற கதை, சங்கம் வைத்துப் போராடிய கதை, கடைசியில் ஊரே கலைந்த கதை.

முதல் உலகப் போர் முடிந்ததும் கிழக்கே ஜப்பானின் கடற்படை வளர்ந்துகொண்டிருந்தது. போர்க்கப்பலுக்குப் பீரங்கியைவிட முக்கியமானது ஒன்று உண்டு: பழுதுபார்க்க ஓர் இடம். பெரிய கப்பல்களை ஏற்கக்கூடிய இடம் இந்தப் பகுதியில் பிரிட்டனிடம் இல்லை. ஆகவே 1921இல் சிங்கப்பூரில் தளம் அமைக்க பிரிட்டிஷ் அமைச்சரவை முடிவெடுத்தது. 1923இல் செம்பவாங்கில் நிலம் கிடைத்தது. அதைக் கொடுத்தது நீரிணைக் குடியேற்ற அரசாங்கம். பிறகு லண்டனில் ஆட்சி மாறும்போதெல்லாம் வேலையும் தடுமாறியது. 1924இல் தொழிற்கட்சி அரசாங்கம் நிறுத்தியது, அடுத்து வந்தவர்கள் தொடங்கினார்கள், 1929இல் மீண்டும் தொழிற்கட்சி வந்து வேகத்தைக் குறைத்தது. 1931இல் ஜப்பான் மஞ்சூரியாவுக்குள் புகுந்த பிறகுதான் அவசரம் புரிந்தது.

அதற்குள் 1928இல் ஓர் அதிசயம் வந்து சேர்ந்தது. இங்கிலாந்தின் டைன் நதிக்கரையில் ஸ்வான் ஹன்டர் நிறுவனம் கட்டிய மிதக்கும் துறை அது. 50,000 டன் கப்பலைத் தண்ணீருக்கு மேல் தூக்கக்கூடிய அந்த இரும்பு ராட்சதனைப் பகுதிகளாகப் பிரித்து, இழுவைக் கப்பல்களில் கட்டி, சூயஸ் கால்வாய் வழியாக இழுத்து வந்தார்கள். ஸ்வான் ஹன்டர் என்ற பெயரை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ளலாம். 40 ஆண்டு கழித்து அது திரும்பவும் வரும்.

கரையில் நடந்த வேலை இன்னும் கடினமானது. சதுப்பு நிலத்தை வற்றவைக்க வேண்டும், கொசுவை ஒழிக்க வேண்டும், செம்பவாங் ஆற்றையே திசைதிருப்ப வேண்டும். ஒப்பந்தம் எடுத்தது சர் ஜான் ஜாக்சன் நிறுவனம். மண் சுமந்தவர்கள் பெரும்பாலும் சீனர்களும் இந்தியர்களும். இப்படி உருவான உலர்துறைக்கு ஆறாம் ஜார்ஜ் மன்னரின் பெயர் வைக்கப்பட்டது. ஏறத்தாழ 1,000 அடி நீளம். 1938 பிப்ரவரி 14ஆம் தேதி ஆளுநர் சர் ஷென்டன் தாமஸ் அதைத் திறந்துவைத்தார்.

உலர்துறை என்றால் என்ன என்று இன்றைய இளையர் கேட்கக்கூடும். கரையைக் குடைந்து கட்டிய மாபெரும் கல் தொட்டி என்று வைத்துக்கொள்ளலாம். கடலைப் பார்த்த பக்கம் ஒரு கதவு. தொட்டியில் தண்ணீரை நிரப்பிக் கதவைத் திறந்தால் கப்பல் மிதந்து உள்ளே வரும். கதவை மூடி, ராட்சத பம்புகளால் தண்ணீரை இறைப்பார்கள். நீர் இறங்க இறங்கக் கப்பலும் இறங்கி, அடியில் வரிசையாக வைத்திருக்கும் கட்டைகளின்மேல் உட்காரும். கட்டைகளின் இடமோ உயரமோ கப்பலின் அடிப்பாகத்துக்குப் பொருந்தாவிட்டால் பல்லாயிரம் டன் இரும்பு கோணலாக உட்கார்ந்துவிடும், அடித்தகடு நசுங்கும். ஆகவே கப்பல் வருமுன்பே அதன் வரைபடத்தைப் பார்த்துக் கட்டைகளை அடுக்கும் வேலை நடக்கும். பெயர் வெளியே வராத வேலை, ஆனால் மற்ற எல்லா வேலையும் அதன்மேல்தான் நிற்கிறது.

தண்ணீர் வற்றியதும் அடிமட்டத் தொழிலாளர்கள் இறங்குவார்கள். கப்பலின் வயிற்றில் ஒட்டிய சிப்பியையும் பாசியையும் சுரண்டி, துருவைச் சுத்தியலால் தட்டி எடுத்து, சாயம் பூசுவார்கள். பிறகு பாய்லர்மேக்கர், ஃபிட்டர், வெல்டர், ரிக்கர் என்று ஒவ்வொரு கையும் தன் பங்கைச் செய்யும். வெயிலில் காய்ந்த இரும்புக்கு நடுவே, காது அடைக்கும் சத்தத்தில் நடக்கும் வேலை. செம்பவாங்கில் புதுக் கப்பல் கட்டியதைவிட இப்படிப் பழுதுபார்த்ததே அதிகம். கப்பல் கட்டுவதற்குத்தான் பெருமை சேருகிறது. பழுதுபார்ப்பதற்கு வேண்டிய சாமர்த்தியமோ அதைவிடக் குறைந்ததல்ல. ஒவ்வொரு கப்பலும் ஒரு புது நோயோடு வருகிறது.

துறை திறந்து நான்கு ஆண்டும் ஒரு நாளும் ஆனபோது, 1942 பிப்ரவரி 15ஆம் தேதி, சிங்கப்பூர் ஜப்பானியரிடம் விழுந்தது. எந்தக் கப்பல் படைக்காகத் தளம் கட்டப்பட்டதோ அந்தப் படை வரவே இல்லை. 1941 டிசம்பர் 2ஆம் தேதி வந்த பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ், ரிப்பல்ஸ் இரண்டும் எட்டே நாளில் கடலுக்கடியில் போயின. ஜப்பானியர் துறையைத் தங்கள் கப்பல்களுக்குப் பயன்படுத்தினார்கள். 1944 நவம்பர் 5ஆம் தேதி அமெரிக்காவின் பி-29 விமானங்கள் அதன்மேல் குண்டு வீசின. துறை சேதமடைந்து முடங்கியது. அங்கே வேலையில் இருந்த தொழிலாளர்களும் உயிரிழந்தனர். கோட்டைக் கதையில் இவர்களுக்கு ஒரு வரிகூடக் கிடைப்பதில்லை.

போருக்குப் பிறகுதான் செம்பவாங் ஓர் ஊராகச் செழித்தது. கேரளத்திலிருந்தும் தமிழ்நாட்டிலிருந்தும் வந்தவர்களும், எழுத்தர் வேலை பார்த்த யாழ்ப்பாணத் தமிழர்களும் தளத்தின் குடியிருப்புகளிலும் அக்கம்பக்கத்துக் கிராமங்களிலும் நிறைந்தார்கள். ‘நேவல் பேஸ்’ என்றாலே இந்தியர்கள், அதிலும் மலையாளிகள், என்ற பெயர் இருந்தது. 1948இல் தோன்றிய ஸ்ரீ நாராயண மிஷன் அந்தத் தொழிலாளர்களிடையே வேர்விட்ட அமைப்பு. ஒரு தொழிலாளி கண்ட கனவில் தொடங்கியதாகச் சொல்லப்படும் புனித மரம் ஸ்ரீ பாலசுப்பிரமணியர் ஆலயமும் அங்கே எழுந்ததுதான். வேலை விடும் நேரத்தில் சாலை முழுக்க சைக்கிள்கள்.

சமத்துவம் இருந்ததா என்றால், இல்லை. அதிகாரிகளுக்கு மரநிழலில் கறுப்பு வெள்ளை பங்களாக்கள். ஆசிய ஊழியர்களுக்கு வரிசை வீடுகள். சம்பளப் பட்டியலும் தோலின் நிறத்தைப் பார்த்தே பிரிந்தது. அந்தக் கோபம் 1952 டிசம்பர் இறுதியில் வெடித்தது. கடற்படைத் தளத் தொழிலாளர் சங்கத்தின் அழைப்பில் ஆயிரக்கணக்கானோர் வேலைநிறுத்தம் செய்தார்கள். ராணுவக் கட்டுப்பாடு நிலவிய இடத்தில், அதுவும் அவசரகாலச் சட்டம் நடப்பிலிருந்த காலத்தில், அது சாதாரணத் துணிச்சல் அல்ல.

1968 ஜனவரியில் இடி விழுந்தது. படைகளை விரைவாக மீட்டுக்கொள்வதாக பிரிட்டிஷ் பிரதமர் ஹெரால்டு வில்சன் அறிவித்தார். 1971 இறுதிதான் கெடு. அப்போது சிங்கப்பூர்ப் பொருளாதாரத்தில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு பிரிட்டிஷ் தளங்களைச் சார்ந்திருந்தது. அரசாங்கம் கப்பல் பட்டறையைப் பெயரளவுக்கு ஒரு வெள்ளி கொடுத்து ஏற்றது. அதே ஆண்டு செம்பவாங் ஷிப்யார்ட் நிறுவனம் பிறந்தது. நிர்வகிக்க அழைக்கப்பட்டது யார்? மிதக்கும் துறையைக் கட்டிய அதே ஸ்வான் ஹன்டர்தான்.

ஒரு வெள்ளிக்குக் கிடைத்தது துறையும் பம்புகளும் மட்டுமா? போர்க்கப்பல் நின்ற இடத்தில் வணிகக் கப்பலைக் கொண்டுவர வேண்டும். கடற்படைக் கணக்கில் நாள் கூடினால் யாரும் கேட்பதில்லை. வணிகக் கப்பலில் ஒரு நாள் தாமதம் என்றால் முதலாளிக்கு நஷ்டம், அடுத்த முறை அவர் வேறு துறைமுகத்துக்குப் போவார். அந்த வேகத்துக்குத் தங்களை மாற்றிக்கொண்டவர்கள் பழைய தொழிலாளர்கள். கப்பல் பழுதுபார்ப்பில் சிங்கப்பூர் உலகப் பெயர் வாங்கியதற்கு அவர்களின் பயிற்சி பெற்ற கைகள் ஒரு முக்கியக் காரணம்.

எல்லாருக்கும் அந்த வாய்ப்புக் கிடைக்கவில்லை. தளத்தின் மற்றப் பிரிவுகளில் இருந்த எழுத்தர், காவலர், சமையல்காரர், கிடங்கு ஊழியர் பலர் வேலை இழந்தனர். மறுபயிற்சி வகுப்புகள் நடந்தன. ஆனால் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேறு வேலை தேடுவதே பெரும்பாடு. பலரின் மனைவி மக்கள் ஊரிலேயே இருந்தார்கள். கிடைத்த தொகையை வாங்கிக்கொண்டு கப்பலேறியவர்கள் ஏராளம். 1957இல் சிங்கப்பூர் மக்கள்தொகையில் ஏறத்தாழ 9 விழுக்காடாக இருந்த இந்தியர், 1970இல் 7 விழுக்காடாகவும் 1980இல் 6.4 விழுக்காடாகவும் குறைந்தனர். தளம் மூடியது மட்டுமே இதற்குக் காரணமல்ல. ஆயினும் அந்த எண்களுக்குள் செம்பவாங்கின் பங்கும் இருக்கிறது.

தங்கியவர்களும் ஒரே இடத்தில் இருக்கவில்லை. 1970களில் ஆங் மோ கியோவிலும் பின்னர் ஈசூனிலும் உட்லண்ட்சிலும் வீவக அடுக்குமாடிகள் எழ, ஒரே சங்கொலிக்கு விழித்த குடும்பங்கள் பல புளோக்குகளுக்குப் பிரிந்தன. பழைய சோங் பாங் கிராமம் மறைந்து அதன் பெயர் மட்டும் ஈசூனுக்கு வந்தது. பாலசுப்பிரமணியர் ஆலயமும் ஈசூனுக்கே இடம் மாறியது. இன்றும் பங்குனி உத்திரத்தன்று காவடி எடுக்கும் கூட்டத்தில் பழைய ‘நேவல் பேஸ்’ குடும்பங்கள் ஒன்றையொன்று தேடிக் கண்டுகொள்கின்றன.

இப்போது பட்டறையின் முறை வந்திருக்கிறது. கப்பல் தொழில் துவாஸ் பக்கம் நகர, செம்பவாங் கடற்கரையை வீடுகளும் பொழுதுபோக்கும் கலந்த வட்டாரமாக்கத் திட்டங்கள் தீட்டப்படுகின்றன. கறுப்பு வெள்ளை பங்களாக்களுக்குப் பாதுகாவலர்கள் கிடைத்துவிடுவார்கள்; அவை பார்க்க அழகானவை. வரிசை வீடுகள் எங்கே இருந்தன, கட்டை அடுக்கியவர் யார், துருத் தட்டியவர் யார் என்பதை எந்தக் கட்டடமும் சொல்லாது. அதைச் சொல்லத் தெரிந்தவர்களிடம் இப்போதே கேட்டுப் பதிவு செய்ய வேண்டும். 1968இல் இருபது வயதில் அங்கே சுத்தியல் பிடித்த இளைஞர் இன்று எண்பதை நெருங்குகிறார்.