ஓநாய் மனிதனின் துணிமணி

ஓநாயாக மாறும் மனிதன் என்றதும் முழுநிலவும் வெள்ளித் தோட்டாவும்தான் நினைவுக்கு வரும். இரண்டையும் அவனோடு இறுக்கிக் கட்டிவிட்டது சினிமா. ஐரோப்பாவின் பழங்கதைகளில் அவன் தலையெழுத்து வேறொரு பொருளில் இருந்தது: கழற்றிவைத்த துணியில்.

கிரேக்கத்தின் ஆர்க்காடியாவில் ஒரு குலத்தார் சீட்டுப் போட்டு ஒருவனைத் தேர்ந்தெடுப்பார்களாம். அவன் ஏரிக்கரை ஓக் மரத்தில் தன் உடையைத் தொங்கவிட்டு, நீந்தி அக்கரை ஏறினால் ஓநாய். ஒன்பது ஆண்டு மனிதரைத் தீண்டாமல் இருந்தால், அதே ஏரியை நீந்தி மனிதனாகத் திரும்பலாம். முதல் நூற்றாண்டில் இதை எழுதிவைத்த ரோமானியர் பிளினிக்கே இதில் நம்பிக்கையில்லை. பழைய துணியும் அப்படியே திரும்பக் கிடைத்ததாம் என்று சேர்த்துச் சொல்லி, கிரேக்கர் எதைத்தான் நம்பமாட்டார்கள் என்று கிண்டலும் செய்கிறார்.

அதே நூற்றாண்டில் பெட்ரோனியஸ் எழுதிய விருந்துக் கதையில் வரும் போர்வீரன் விவரமானவன். கல்லறைகளுக்கு நடுவே துணியை அவிழ்த்து வைத்து, அதைச் சுற்றிச் சிறுநீர் கழிக்கிறான். துணி கல்லாகிவிடுகிறது, இனி யார் தூக்கிக்கொண்டு போக முடியும்? அன்றைக்கு நிலா பட்டப்பகலாய்க் காய்ந்தது உண்மை. ஆனால் அது வெளிச்சத்துக்கு மட்டும்தான்; ஆளை மாற்றும் வேலை அதற்கு இல்லை.

இந்த முன்யோசனை பிரித்தானி நாட்டுப் பிரபு ஒருவனுக்கு இல்லாமல் போயிற்று. 12ஆம் நூற்றாண்டில் மாரி த ஃப்ரான்ஸ் எழுதிய ‘பிஸ்கிளாவ்ரே’ கதை அது. வாரத்தில் மூன்று நாள் அவன் காணாமல் போகிறான். மனைவி துருவித் துருவிக் கேட்க, பழைய தேவாலயத்தருகே குழிவான கல்லுக்குள் துணியை ஒளித்துவைக்கும் ரகசியத்தைக் கொட்டிவிடுகிறான். அவள் தன்னை விரும்பிய இன்னொருவனை அனுப்பித் துணியை எடுத்துவரச் செய்கிறாள்; பிரபு ஓநாயாகவே நின்றுவிடுகிறான். பிறகு வேட்டைக்கு வந்த அரசனின் காலை முத்தமிட்டு, அரண்மனையில் செல்லப்பிராணியாகிறான். மனைவியைக் கண்டதும் பாய்ந்து மூக்கைக் கடித்தெடுக்கிறான். உண்மை வெளிவந்து துணியைக் கொண்டுவந்து முன்னால் வைத்தால், ஓநாய் திரும்பியும் பார்க்கவில்லை. அத்தனை பேர் முன்னால் உடை மாற்ற வெட்கம்! தனியறையில் விட்டுக் கதவைச் சாத்தினார்கள். திறந்தபோது அரசனின் கட்டிலில் பிரபு தூங்கிக்கொண்டிருந்தான். ஓநாய்க்குள் மானம் பார்க்கும் மனிதன் இருப்பதை இதைவிட அழகாகச் சொன்ன கதை எனக்குத் தெரிந்து இல்லை.

வடக்கே முறை தலைகீழ். 13ஆம் நூற்றாண்டின் ஐஸ்லாந்துக் கதையான வோல்சுங்க சாகாவில் சிக்முண்டும் அவன் மகன் சின்ஃப்யோத்லியும் ஒரு குடிசையில் தொங்கிய ஓநாய்த் தோல்களை எடுத்து மாட்டிக்கொள்கிறார்கள், கழற்ற வரவில்லை. ஒருவழியாகக் கழன்றதும் தீயில் போட்டு எரிக்கிறார்கள்.

ஓநாய் மனிதன் கதையிலிருந்து நீதிமன்றத்துக்கு வந்தபோது, அந்தத் தோல் இடுப்புவாராகச் சுருங்கியிருந்தது. 1589இல் கொலோன் அருகே பெட்பூர்க்கில் பீட்டர் ஷ்டும்ப் என்ற விவசாயி, சாத்தான் கொடுத்த வாரைக் கட்டினால் ஓநாயாவேன் என்று சித்திரவதையின் பிடியில் ஒப்புக்கொண்டார். அதிகாரிகள் ஆளனுப்பித் தேடினார்கள். வார் கிடைக்கவில்லை, சாத்தானே எடுத்துப்போயிருப்பான் என்று முடிவுகட்டினார்கள். தடயம் இல்லாததே சாட்சியாகிவிட்டது. அவரைக் கொடூரமாகக் கொன்றார்கள். நூறாண்டு கழித்து, இன்றைய லாத்வியாவில் எண்பது தாண்டிய தீஸ் என்ற கிழவர், தாம் ஓநாய்தான் என்று நீதிபதிகளிடம் கூசாமல் சொன்னார்: நாங்கள் கடவுளின் வேட்டைநாய்கள், சூனியக்காரர் திருடிய விளைச்சலை நரகத்திலிருந்து மீட்டுவருகிறோம் என்று. 1692இல் அவருக்குக் கசையடியும் நாடுகடத்தலும் தண்டனை.

1941இல் யுனிவர்சல் நிறுவனத்தின் ‘த உல்ஃப் மேன்’ வந்தது. எழுதியவர் கர்ட் சியோட்மாக், ஹிட்லரின் ஜெர்மனியிலிருந்து தப்பிவந்த யூதர். கடிபட்டவன் தன் விருப்பமில்லாமலே மாறுகிறான். வெள்ளிப்பூண் போட்ட கைத்தடியால் அடிபட்டுச் சாகிறான். முழுநிலவும் வெள்ளித் தோட்டாவும் அடுத்தடுத்த படங்களில் கெட்டிப்பட்டன. துணிக்கு வேலை போயிற்று. அதோடு, அதை மாட்டிக்கொண்டு வீடு திரும்பும் வழியும் போயிற்று. உள்பனியனோடு மாறத் தொடங்கும் நாயகன், அடுத்த காட்சியில் முழுக்கைச் சட்டை போட்ட ஓநாயாகக் காட்டில் திரிகிறான். யார் பொத்தான் போட்டுவிட்டார்களோ!

இந்தக் கேள்வியை மறக்காத படம் 1981இல் வந்த ‘ஆன் அமெரிக்கன் வேர்உல்ஃப் இன் லண்டன்’. விடிந்ததும் நாயகன் லண்டன் விலங்குக்காட்சிச் சாலையில், ஓநாய்க் கூண்டுக்குள், பிறந்தமேனியாகக் கண்விழிக்கிறான். ஒரு சிறுவனின் பலூன்களைப் பிடுங்கி மானத்தை மறைத்துக்கொண்டு, யாரோ ஒரு பெண்ணின் மேலங்கியைத் திருடி மாட்டி, பஸ் பிடித்து வீடு போய்ச் சேர்கிறான்.